ஃபிளானன் தீவு: கவிதையும் அறிக்கையும்

பொய் மிகுந்த கவிதையே இனிமை மிகுந்தது என்று அரபு விமரிசகரிடையே ஒரு பழமொழி உண்டு. மதரஸாவில் பலகாலம் இதைச் சொல்லிக்கொடுத்தவன் நான். ஆயினும் வில்ஃப்ரிட் கிப்சன் என்னும் ஆங்கிலக் கவிஞர் 1912-இல் வெளியிட்ட 'ஃபிளானன் தீவு' என்ற கவிதையைப் படித்தபின், அப்பழமொழிக்கும் ஓர் எல்லை வேண்டும் என்று தோன்றுகிறது.

ஸ்காட்லாந்துக்கு மேற்கே, அட்லாண்டிக் கடலில், எய்லியன் மோர் என்றொரு பாறைத்தீவு. 1899 டிசம்பரில் அங்கே கலங்கரை விளக்கம் ஏற்றப்பட்டது. மூவர் தீவில் இருப்பர். நான்காமவர் கரையில் ஓய்விலிருப்பார். மூடுபனி நாட்களில் விளக்கு எரிகிறதா என்பதையே லூயிஸ் கரையிலிருந்து அறிய இயலாது. 1900 டிசம்பரில் அம்மூவரும் காணாமற்போயினர். புயலால் தாமதித்து 26-ஆம் தேதி வந்த கப்பலிலிருந்து இறங்கியவர் ஆளற்ற வீட்டையே கண்டார்.

கிப்சன் நமக்குக் காட்டுவன: தொடப்படாத உணவு, கவிழ்ந்த நாற்காலி, அச்சமூட்டும் மூன்று கரும்பறவைகள். ஓசைநயத்தில் குறை சொல்வதற்கில்லை; படிக்கையில் மயிர்க்கூச்செறிகிறது. ஆனால், விசாரிக்கச் சென்ற கண்காணிப்பாளர் முயர்ஹெட்டின் அறிக்கை வேறு கூறுகிறது. பாத்திரங்கள் கழுவப்பட்டிருந்தன, சமையலறை ஒழுங்காயிருந்தது. விளக்கு சீர்செய்யப்பட்டு, எண்ணெய் நிரப்பப்பட்டு, ஆடியும் இயந்திரமும் துடைக்கப்பட்டு, அன்றிரவுக்கு ஆயத்தமாயிருந்தது. கடல்மட்டத்திற்கு 110 அடி உயரத்தில், மேற்குப் படகுத்துறையருகே வைத்திருந்த கயிற்றுப் பெட்டி அலையால் அடித்துச் செல்லப்பட்டிருந்தது. அதைக் காக்கச் சென்றவர்களைப் பேரலை வாரிக்கொண்டு போயிருக்க வேண்டும் என்பது அவர் முடிவு.

தொடப்படாத உணவு என்றதும் வேலையைப் போட்டுவிட்டு அஞ்சியோடிய மனிதர்களாக அவர்கள் நம் முன் நிற்கிறார்கள். காலைப் பணியை முடித்து வைத்துவிட்டுப் போனவர்களுக்கு இது நேர்மையன்று. கவிஞனுக்குக் கற்பனை உரிமை உண்டு, மறுக்கவில்லை. இங்கே கற்பனைக்குத் தேவைதான் என்ன? மூவரில் ஒருவர், நோயுற்ற வேறொருவருக்குப் பதிலாகத் தற்காலிகமாக வந்தவர். அவருடைய மேலங்கி மட்டும் வீட்டிலேயே இருந்தது. டிசம்பர்க் குளிரில் சட்டையோடு வெளியே ஓடியிருக்கிறார். எதைக் கண்டு, யாரைக் காக்க? இந்த ஒரு மேலங்கியைக் கிப்சன் பாடியிருந்தால் பறவைகளே வேண்டியிருந்திராது.

1971-இல் அவ்விளக்கு தானியங்கியாக்கப்பட்டது; காவலர் எவரும் இப்போது அங்கில்லை. கவிழ்ந்த நாற்காலி மட்டும் இன்றும் நடந்த செய்தியாகவே பலரால் எடுத்துரைக்கப்படுகிறது.