சேஞ்ச்-ஐடி என்கிற அந்த அசிங்கமான வரி

கெரிட்டில் முதன்முதலாக கோட் அனுப்புகிறவர்களுக்குப் பெரும்பாலும் கிடைப்பது ஒரு திட்டுதான்: கமிட் செய்தியின் அடியில் சேஞ்ச்-ஐடி இல்லை, போட்டுக்கொண்டு வா. 'ஐ' என்ற எழுத்து, பின்னாலேயே 40 ஹெக்ஸ் இலக்கங்கள். பார்க்க நன்றாகவே இருக்காது. ஆனால் ரிவ்யூ கருவிகளில் பிரச்னையைச் சரியாகப் புரிந்துகொண்டு வைத்த வரி அதுதான் என்பது என் கட்சி.

கிட்டில் கமிட்டின் ஹேஷ் அதன் உள்ளடக்கத்திலிருந்து பிறக்கிறது. ஒரு காற்புள்ளியைத் திருத்தி அமெண்ட் பண்ணினாலும் ஹேஷ் மாறிவிடும். கிட்டுக்கு அது வேறொரு கமிட். நமக்கு அப்படி இல்லை. "அந்த மெமரி லீக் திருத்தம் என்னாச்சு?" என்று கேட்கும்போது, அஞ்சு தடவை மாறியிருந்தாலும் அது ஒரே சமாச்சாரம். ரிவ்யூ நடப்பது இதன் மேல்தான், ஹேஷின் மேல் இல்லை.

ஆண்ட்ராய்டுக்காக கூகுளில் வளர்ந்த கெரிட் இந்த ரெண்டையும் பிரித்து வைத்தது. சேஞ்ச் ஒன்று, அதற்குள் பேட்ச் செட் 1, 2, 3. பழையதும் அப்படியே இருக்கும். 1234-ஆம் சேஞ்சின் ரெண்டாவது வடிவம் வேண்டுமா, 'ரெஃப்ஸ்/சேஞ்சஸ்/34/1234/2' என்று எடுத்துக்கொள்ளலாம். (நடுவில் உள்ள 34, சேஞ்ச் எண்ணின் கடைசி ரெண்டு இலக்கம்.) கிட்ஹப்பில் அலகு பிராஞ்ச். ஃபோர்ஸ் புஷ் பண்ணினால் மாறிய வரிகளில் இருந்த கருத்துகள் 'அவுட்டேட்டட்' ஆகி ஒதுங்கும். எந்தக் கருத்துக்கு எந்தத் திருத்தம் பதில் என்று நாமேதான் கோர்த்துப் பார்க்கணும்.

சரி, கெரிட்டின் ஓட்டைகளுக்கு வருவோம். சின்னது முதலில். 'கமிட் --அமெண்ட் -எம்' என்று செய்தியைப் புதிதாக எழுதினால் பழைய ஐடி காணாமல் போகும், ஹுக் புதிதாக ஒன்று போடும், தளத்தில் பழைய சேஞ்ச் அனாதையாகக் கிடக்கும். அடையாளத்தை யார் வேண்டுமானாலும் அழிக்கக்கூடிய இடத்தில் வைத்ததன் விலை இது.

பெரிய ஓட்டை ரீபேஸ். ரீபேஸையும் தன் திருத்தத்தையும் ஒரே பேட்ச் செட்டில் கலந்து அனுப்பினால், 3-க்கும் 4-க்கும் உள்ள வித்தியாசத்தில் ஊரார் மாற்றமெல்லாம் வந்து நிற்கும். ரீபேஸால் வந்தவற்றை வேறு நிறத்தில் காட்ட கெரிட் முயல்கிறது. கான்ஃபிளிக்டைத் தீர்க்கச் செய்த கைவேலை அங்கே எளிதாக ஒளிந்துகொள்ளும். மோதல் இல்லாத ரீபேஸ் என்றால், வழக்கமான அமைப்பில், வாங்கிய +2 அப்படியே புதிய வடிவத்துக்குத் தாவிவிடும். வரிகள் மாறவில்லை, வாஸ்தவம். ஆனால் அந்த வரி கூப்பிடும் ஃபங்ஷன் கீழே மாறியிருந்தால்? ரிவ்யூ செய்தவர் கண்ணால் பார்த்தது ஒன்று, அவர் பெயரில் உள்ளே போனது இன்னொன்று.

இன்னொரு குறை, 'ஏன்' என்பதற்குப் பதில் இல்லாதது. லினக்ஸ் கர்னல் மின்னஞ்சல் பட்டியலில் 'வி3' அனுப்புகிறவர் மூன்று கோடுகளுக்குக் கீழே, வி2-விலிருந்து என்ன மாறியது, யார் சொல்லி மாறியது என்று எழுதுவார். கமிட்டில் அது சேராது, படிப்பவருக்கு மட்டும். கெரிட்டிலும் பேட்ச் செட்டுக்கு விளக்கம் எழுத இடம் இருக்கு. எழுதுகிறவர்கள்தான் குறைவு.

கிட்டே 2018-இல், 2.19 பதிப்பில், 'ரேஞ்ச்-டிஃப்' கொண்டுவந்தது. பழைய கமிட் வரிசையையும் புதியதையும் ஜோடி சேர்த்துக் காட்டும். ஆனால் எது எதன் வாரிசு என்பதை உள்ளடக்கத்தின் சாயலை வைத்து ஊகிக்கிறது. ஜுஜுட்சுவில் சேஞ்ச்-ஐடி கருவிக்குள்ளேயே இருக்கிறது, செய்தியின் அடியில் ஒட்ட வேண்டாம். சின்ன ஓட்டை அதோடு அடைபடும். தாவும் +2 அப்படியேதான் இருக்கும்.