கேத்திரகணித மேதைகளும் ஒரு தமிழ்ச் செய்யுளும்

கேத்திரகணித மேதைகளின் வாழ்க்கையை எழுதப் புகுவோர்க்கு எதிர்ப்படும் முதல் இடர், எழுதுதற்குரிய வாழ்க்கைக் குறிப்பே கிட்டாமைதான். கி.மு. 300 அளவில் அலெக்சாந்திரியாவில் விளங்கியவர் என்பதற்கு மேல் யூக்கிளிட்டைப் பற்றித் துணிந்து கூறத்தக்கது மிகச் சிறிதே. ஆயினும், அவர் 13 பகுதிகளாகத் தொகுத்த நூலின் நிறுவல் முறை இன்றும் கிளிநொச்சியிலும் முல்லைத்தீவிலும் மாணவர் கொப்பிகளில் தொடர்கின்றது.

அத்தகைய பெருமை தமிழர்க்கும் உண்டெனக் காட்டும் ஆர்வத்தில், போதையனார் என்னும் பெயரோடு வழங்கும் செய்யுளொன்று மேடைதோறும் எடுத்துரைக்கப்படுகின்றது. செங்கோண முக்கோணியின் நீண்ட பக்கத்தில் எட்டில் ஏழு கூறும் குறுகிய பக்கத்திற் பாதியும் சேரின் செம்பக்கம் கிடைக்கும் என்பது அதன் பொருள். வர்க்கமூலமின்றியே பைதகரசை வென்றுவிட்டார் என்பது பாராட்டுவோர் கூற்று.

பாராட்டுமுன் அளந்து பார்த்திருக்கலாம். 2009க்குப் பின் வன்னியில் வீடுகள் மீண்டும் எழுந்த காலத்தில், அத்திவாரத்துக்கு நூல் பிடித்த மேசன் ஒருவர் 20 அடிச் சதுர அறைக்கு இவ்விதியை நம்பியிருப்பின், மூலைவிட்டத்தை 27½ அடி என்று கொண்டிருப்பார். உண்மை அளவு 28 அடி 3 அங்குலத்துக்குச் சற்று மேல். அக்குறையால் மூலை ஏறத்தாழ 3 பாகை ஒடுங்கிவிடும்.

எனின், செய்யுள் வெறும் பிழையா? பக்கங்கள் 3, 4 ஆயின் 5. 5, 12 ஆயின் 13. இவ்விரண்டிலும் அது சிறிதும் வழுவவில்லை. 8, 15 என்று கொண்டாலோ 17 வரவேண்டிய இடத்தில் 17⅛ வருகின்றது. இயற்கணிதத்தால் ஆராயின், முதலிற் கூறிய இரு விகிதங்களுக்கன்றி வேறெதற்கும் இவ்விதி சரியாகப் பொருந்தாமை புலனாகும். இது தற்செயலன்று. அவ்விரு முக்கோணிகளுக்கும் ஒருங்கே பொருந்தும் பின்னங்களைத் தேடினால், எட்டில் ஏழும் பாதியுமே கிடைக்கும். செய்யுளை ஆக்கியவர் இவ்வழியே வந்திருத்தல் வேண்டும். அவர் கைதேர்ந்த கணக்கர். அவரை வானளாவப் புகழ்ந்தோர் அந்த நுட்பத்தைக் கண்டிலர்.

சுல்ப சூத்திரம் இயற்றிய போதாயனரே இவர் என்பாரும் உளர். அவ்வடமொழி நூலோ மூலைவிட்டத்தின் மேலமையும் சதுரம் பற்றிய முழு உண்மையையும் கூறுகின்றது. முழு விதியை அறிந்தவர் தலையில் அண்ணளவு விதியைச் சுமத்துதல் அவருக்குச் சிறப்பாகாது.

அறை எவ்வளவினதாயினும், மூலையிலிருந்து 3 அடியும் 4 அடியும் குறித்து, இடையே 5 அடி வருகின்றதா எனப் பார்த்தல் மேசன்மார் வழக்கம். அங்கே செய்யுளும் யூக்கிளிட்டும் பிணங்குவதில்லை. ஆனால், 5 அடி வந்தால் அம்மூலை செங்கோணமே என்பதற்கு யூக்கிளிட்டின் முதற் பகுதி 48ஆம் தேற்றத்தில் நிறுவல் உண்டு, செய்யுளில் இல்லை.