செனட் ஹவுஸும் பஞ்சக் கால்வாயும்

1

சென்னைக் கடற்கரைச் சாலையில் பஸ்ஸில் போகிற எவர் கண்ணிலும் படாமல் போகாத கட்டடம் அது. சிவப்புச் செங்கல், நான்கு மூலையிலும் குமிழ் வைத்த கோபுரங்கள், உள்ளே வண்ணக் கண்ணாடிச் சாளரங்கள். சென்னைப் பல்கலைக்கழகத்தின் செனட் ஹவுஸ். அதைப் பற்றி எழுதப்படுகிற எல்லாக் குறிப்புகளும் ஏறக்குறைய ஒரே பிரதிதான். ராபர்ட் ஃபெல்லோஸ் சிஷோம் 1864இல் நடந்த வடிவமைப்புப் போட்டியில் வென்றார், 1874இல் வேலை தொடங்கியது, 1879இல் முடிந்தது, இந்தோ-சாரசெனிக் பாணி, கிழக்கும் மேற்கும் சந்தித்த அழகு, நமது பாரம்பரியம். முற்றுப்புள்ளி.

தோழர் ஒருவரிடம் இந்தக் கட்டடத்தைப் பற்றி எழுதப்போகிறேன் என்றேன். "அதுல நமக்கு என்ன இருக்கு தோழர்? வெள்ளைக்காரன் கட்டினான், படிச்சவன் பட்டம் வாங்கினான்" என்றார். இரண்டு பேச்சும் ஒன்றையே செய்கின்றன என்று எனக்குப் படுகிறது. ஒன்று கட்டடத்தைக் கும்பிடுகிறது, இன்னொன்று முகத்தைத் திருப்பிக்கொள்கிறது. இரண்டுமே அதை வாசிப்பதில்லை.

2

முதலில் அது எதற்காகக் கட்டப்பட்டது என்பதைப் பார்ப்போம். சென்னைப் பல்கலைக்கழகம் 1857 செப்டம்பரில், வடக்கே கலகம் நடந்துகொண்டிருந்தபோது, சட்டப்படி உருவானது. கல்கத்தா, பம்பாய்ப் பல்கலைக்கழகங்களும் அதே ஆண்டில் பிறந்தவை. மூன்றுக்கும் லண்டன் பல்கலைக்கழகமே மாதிரி. அதாவது, பாடம் சொல்லித் தராத பல்கலைக்கழகம். கற்பிப்பது கல்லூரிகளின் வேலை. தேர்வு வைப்பதும் பட்டம் கொடுப்பதும் மட்டுமே இதன் வேலை. கற்பிக்கும் அதிகாரத்தை 1904ஆம் ஆண்டுச் சட்டம்தான் கொடுத்தது.

ஆகவே இந்தப் பல்கலைக்கழகம் தனக்கென எழுப்பிக்கொண்ட பெரிய கட்டடம் வகுப்பறை அல்ல, நூலகம் அல்ல, ஒரு மண்டபம். யார் தேறியவர், யார் தேறாதவர் என்று பிரித்துச் சொல்லும் அதிகாரம் தன்னைத்தானே அரங்கேற்றிக்கொள்ளும் மேடை. ஃபூக்கோவைத் துணைக்குக் கூப்பிடாமலே இதைப் புரிந்துகொள்ளலாம். பல்கலைக்கழகத்தின் குறிக்கோள் வாசகம்கூட லத்தீன் மொழியில்தான். இயல்பான அறிவாற்றலைக் கல்வி வளர்க்கும் என்று பொருள். அந்த இயல்பான அறிவு யாரிடம் இருப்பதாகக் கருதப்பட்டது என்பது வேறு விஷயம்.

இனி, பாணி. பக்கத்திலேயே சேப்பாக்கம் அரண்மனை இருக்கிறது. 1768இல் ஆற்காட்டு நவாப் முகமது அலி வாலாஜாவுக்காகக் கட்டியது. 1855இல் கடைசி நவாப் வாரிசில்லாமல் இறந்ததும் கம்பெனி நவாப் பட்டத்தை ஒழித்தது, அரண்மனை அரசின் கைக்கு வந்தது. அங்கே வரி வசூலிக்கும் ரெவின்யூ போர்டு குடியேறியது. அதற்கான விரிவாக்கத்தையும் செய்தவர் சிஷோம்தான். 1866 முதல் 1872 வரை கவர்னராக இருந்த நேப்பியர் பிரபு, அரசுக் கட்டடங்களுக்கு முஸ்லிம் பாணியே ஏற்றது என்று பேசிவந்தவர். நவாபை அகற்றிவிட்டு நவாபின் குவிமாடத்தை எடுத்துத் தலையில் வைத்துக்கொள்வதை 'சங்கமம்' என்று எப்படிச் சொல்வது? தாங்கள் அந்நியர் அல்ல, முந்தைய ஆட்சிகளின் வாரிசுகள் என்று சொல்லிக்கொள்ளும் சொல்லாடலைத்தான் அந்தக் குமிழ்கள் பேசுகின்றன.

3

இதுவரை சொன்னது கட்டடக்கலை வரலாறு எழுதுகிறவர்களும் ஒத்துக்கொள்கிற சங்கதி. எனக்கு உறுத்துவது வேறு. 1874, 1879 என்ற இரண்டு ஆண்டுகளுக்கும் நடுவே என்ன நடந்தது?

தாது வருஷப் பஞ்சம். 1876இலிருந்து 1878 வரை. தென்னிந்தியாவில் செத்தவர்கள் எத்தனை பேர் என்பதற்கு 50 லட்சத்திலிருந்து 80 லட்சம் வரை மதிப்பீடுகள் உண்டு. கிராமங்களில் கும்மிப் பாட்டாக இன்னும் மிச்சமிருக்கிற சாவு அது. 1877 தொடக்கத்தில் வைஸ்ராய் லிட்டனின் பிரதிநிதியாக வந்த ரிச்சர்ட் டெம்பிள், நிவாரண வேலை செய்கிற ஆளுக்கு நாளொன்றுக்கு ஒரு ராத்தல் தானியமும் சில்லறைக் காசும் போதும் என்று கூலியை வெட்டினார். இது மனிதனை உயிரோடு வைத்திருக்காது என்று சென்னை அரசின் சுகாதார ஆணையர் கார்னிஷ் எதிர்த்து எழுதினார்.

அந்தப் பஞ்ச நிவாரண வேலைகளில் ஒன்று, கூவத்தையும் அடையாறையும் இணைத்து 1877-78இல் வெட்டிய கால்வாய். ஏறத்தாழ 8 கிலோமீட்டர். செனட் ஹவுஸுக்கு மேற்கே கூப்பிடு தூரத்தில் ஓடுகிறது. அப்போதைய கவர்னர் பக்கிங்ஹாம் பிரபுவின் பெயர்தான் அதற்கு. கவர்னர் என்பவர் பதவி வழியாகப் பல்கலைக்கழகத்தின் வேந்தரும்கூட. ஆக, ஒரே மனிதர், ஒரே ஆண்டுகள், ஒரே சேப்பாக்கம். கிழக்கே பட்டதாரிகளுக்கு மண்டபம் எழும்பிக்கொண்டிருக்கிறது. மேற்கே எலும்பும் தோலுமாக வந்தவர்கள் மண் சுமக்கிறார்கள். நடுவே நவாபின் அரண்மனையில் நிலவரிக் கணக்கு.

உடனே ஒரு ஆட்சேபம் வரும். மண்டபத்துக்கான பணம் வேறு, பஞ்சத்துக்கான பணம் வேறு, இரண்டையும் முடிச்சுப் போடுவது உணர்ச்சிவசப்பட்ட வாதம் என்பார்கள். சரி, அப்படியே வைத்துக்கொள்வோம். பஞ்சக் கூலியைத் திருடித்தான் செனட் ஹவுஸ் கட்டினார்கள் என்று நான் சொல்லவரவில்லை. ஆனால் கணக்குப் புத்தகத்தில் அந்த இரண்டு தலைப்பையும் தனித்தனியாக வைத்ததே ஒரு அரசியல்தானே? இங்கே அழகுக்குச் செலவு, அங்கே உயிருக்குச் சிக்கனம் என்று ஒரே அரசு ஒரே சமயத்தில் நினைக்க முடிந்தது. கட்டடத்தின் கருத்தியல் அதன் குமிழில் மட்டும் இல்லை, அந்தப் பிரிவினையிலும் இருக்கிறது.

4

பிறகு அந்த மண்டபத்துக்குள் வேறு ஆட்களும் வந்தார்கள். 1935ஆம் ஆண்டுச் சட்டப்படி தேர்ந்தெடுக்கப்பட்ட சென்னைச் சட்டமன்றம், ராஜாஜி முதல்வராக இருந்தபோது, 1937 ஜூலை முதல் டிசம்பர் வரை செனட் ஹவுஸில்தான் கூடியது. வாக்குரிமை அப்போதும் சொத்து, வரி, கல்வி என்ற தகுதிகளோடு கட்டப்பட்டிருந்தது. கால்வாய்க்கரை ஆளுக்கு ஓட்டுக் கிடையாது. 1952இல்தான் எல்லோருக்கும் வந்தது. ஒடுக்கப்பட்ட சாதிகளிலிருந்து முதல் தலைமுறையாகப் படித்து வந்த பிள்ளைகள் இந்தப் பல்கலைக்கழகத்தின் பட்டத்தை வாங்கியிருக்கிறார்கள். அது சின்ன விஷயமில்லை. அந்தச் சிவப்புச் சுவர் அவர்களுக்கும் சொந்தம்தான். அதனால்தான் "நமக்கு என்ன இருக்கு" என்ற தோழரின் கேள்வியை நான் ஏற்கவில்லை.

ஆனால் இன்று 'பாரம்பரியம்' என்ற சொல் என்ன செய்கிறது என்று பாருங்கள். பல்கலைக்கழகத்தின் 150ஆவது ஆண்டையொட்டிச் செனட் ஹவுஸைப் பழுதுபார்த்துப் பொலிவாக்கினார்கள். நல்ல காரியம், குறை சொல்லமாட்டேன். அதே வயதுள்ள கால்வாய்க்கு என்ன நடந்தது? சாக்கடையாயிற்று. 1990களில் அதன் நடுவிலேயே தூண் நட்டுப் பறக்கும் ரயில் ஓடியது. கரையில் குடிசை போட்டிருந்தவர்கள் பலர் 2000க்குப் பிறகு கண்ணகி நகர், செம்மஞ்சேரி, பெரும்பாக்கம் என்று நகரத்தின் விளிம்புக்கு அள்ளிக்கொண்டு போகப்பட்டார்கள். கட்டடத்துக்கு நினைவு உண்டு, கால்வாய்க்கு 'ஆக்கிரமிப்பு' மட்டும்தான் உண்டு.

செனட் ஹவுஸை இடிக்கச் சொல்லவில்லை. வாசலில் வைக்கிற குறிப்புப் பலகையில் 1874–1879 என்று எழுதும்போது பக்கத்தில் 1876–1878 என்றும் எழுதுங்கள் என்கிறேன். கட்டடக்கலை மாணவர்களைக் குவிமாடம் காட்டக் கூட்டிவருகிற ஆசிரியர்கள், முடிந்ததும் வாலாஜா சாலை வழியே நடத்திக் கூட்டிப்போய்க் கால்வாயையும் காட்டட்டும். மூக்கைப் பொத்திக்கொண்டாவது பார்க்கட்டும். எதிரே கடற்கரையில் ராய் சௌத்ரியின் உழைப்பாளர் சிலை 1959 முதல் பாறையைத் தள்ளிக்கொண்டே நிற்கிறது. அது யாருடைய சிலை என்று கேட்டால், நம்மில் பெரும்பாலோருக்குத் தெரியாது. கால்வாய் வெட்டியவர்களின் பெயர்களும் அப்படித்தான். சிஷோமின் பெயர் மட்டும் நமக்கு மனப்பாடம்.