காதால் படமெடுப்பவர்

பிரெஞ்சு நடிகை ஆன்யெஸ் ஜாவுயி முதன்முதலாக இயக்கிய 'மற்றவர்களின் ரசனை' (2000) படத்தில் புரூனோ என்றொரு கார் ஓட்டுநர் வருகிறார். ஓய்வு கிடைக்கும்போதெல்லாம் புல்லாங்குழலை எடுத்து வைத்துக்கொள்வார். வருவதென்னவோ சில சுரங்கள்தாம். அவையும் தடுக்கித் தடுக்கி. என்ன பாட்டு என்று நமக்குப் பிடிபடாது. படம் முடியும் தறுவாயில் அவர் ஓர் இசைக்குழுவின் நடுவே அமர்ந்திருக்கிறார். மற்ற வாத்தியங்கள் சூழ்ந்துகொள்ள, அந்த உதிரிச் சுரங்கள் தத்தமக்குரிய இடத்தில் போய்ப் பொருந்த, எடித் பியாஃப் பாடிப் புகழ்பெற்ற 'எதற்கும் வருந்தவில்லை' மெட்டு மெல்ல மலர்கிறது. விளக்கமாக ஒரு சொல்கூட இல்லை. இந்த ஒரு நயத்துக்காகவே அப்படத்தை இன்னொரு முறை பார்க்கலாம், இம்முறை காதைத் தீட்டிக்கொண்டு.

பாடகியுமான ஜாவுயி, மனிதர்களைக் குரலின் வழியே அறிபவர். அப்படத்தின் நாயகன் காஸ்தெல்லா ஓர் ஆலை முதலாளி. கலை வாசனை அறியாதவர். வேண்டாவெறுப்பாக ரசீனின் 'பெரெனிஸ்' நாடகத்துக்குப் போனவர், மேடையில் நடிகை கிளாராவின் குரலைக் கேட்டுக் கரைந்துவிடுகிறார். பிறகு அவளுடைய நண்பர்கள் வட்டத்தில் ஓர் ஓவியரிடம் படம் வாங்குகிறார். தன்னை மகிழ்விக்கத்தான் வாங்குகிறார், பாவம், ஏமாறுகிறார் என்று எண்ணி எச்சரிக்க வருகிறாள் கிளாரா. அந்த ஓவியங்கள் தனக்கு உண்மையாகவே பிடித்திருக்கலாம் என்று அவளுக்குத் தோன்றவேயில்லையா என்கிறார் அவர். காஸ்தெல்லாவாக நடிக்கும் ழான்-பியர் பக்ரி அந்த இடத்தைப் பேசும் தணிவைக் கவனியுங்கள்! கிளாராவோடு சேர்ந்து நாமும் தலைகுனிகிறோம். ஏனெனில் அதுவரை நாமும் அவரை அப்படித்தானே எடைபோட்டிருந்தோம்?

பக்ரியும் ஜாவுயியும் வாழ்விலும் எழுத்திலும் நெடுங்காலம் இணைந்திருந்தவர்கள். இருவரும் நாடகம் எழுதினார்கள், அதில் நடித்தார்கள், பிறகு திரைக்கு வந்தார்கள். மாபெரும் இயக்குநர் அலன் ரெனே இருவர் பெயரையும் குழைத்து 'ஜாபாக்' என்று செல்லமாக அழைப்பாராம். அவருக்காக இவர்கள் எழுதிய 'அந்தப் பாட்டு தெரிந்ததுதான்' (1997) படத்தில் பாத்திரங்கள் பேசிக்கொண்டிருக்கும்போதே வாயிலிருந்து பழைய பாட்டின் ஒரு துணுக்கு, அசல் பாடகரின் குரலிலேயே எழும். அடுத்த கணம் பேச்சு தொடரும். அதில் காமியாக ஜாவுயி நடித்தார். ஆயிரமாம் ஆண்டில் ஓர் ஏரிக்கரையில் வாழ்ந்த குடியானவ வீரர்களைப் பற்றி ஆய்வேடு எழுதும் பெண்! அப்படியோர் ஆய்வுப் பொருளைத் தேர்ந்த குறும்புக்கு என்ன விலை கொடுத்தாலும் தகும். திரைக்கதைக்கும் துணை நடிகைக்கும் பிரெஞ்சுத் திரையுலகின் செஸார் விருதுகள் வந்தன. 'மற்றவர்களின் ரசனை' சிறந்த படத்துக்கான செஸாரையே வென்றது.

ஜாவுயி இயக்கிய 'ஒரு படத்தைப் போல' (2004) இன்னும் நுட்பமானது. கான் விழாவில் திரைக்கதை விருது பெற்றது. தொடக்கத்தில் ஒரு டாக்சி. பின்னிருக்கையில் இளம்பெண் லோலிதா. ரேடியோ அலறுகிறது, அவள் சொல்வது ஓட்டுநர் காதில் ஏறவில்லை. புகழ்பெற்ற எழுத்தாளரான அவளுடைய தந்தை வந்து ஏறுகிறார். அவர் சொன்னதும் ஒலி அடங்குகிறது. யார் பேச்சு எடுபடும், யார் பேச்சு எடுபடாது என்கிற படத்தின் மொத்த வேதனையும் ஒரு வண்டிக்குள் அடங்கிவிட்டது. லோலிதா பாடக் கற்பவள். தன் பாட்டைப் பதிந்து கொடுத்த கேசட்டைத் தந்தை கேட்கவே இல்லை.

அவளுக்குப் பாட்டுச் சொல்லித்தரும் சில்வியாதான் ஜாவுயி. லோலிதாவிடம் முதலில் அவருக்குப் பெரிய ஈடுபாடு கிடையாது. இன்னார் மகள் என்று தெரிந்தபின் முகத்தில் ஒரு புது அக்கறை துளிர்க்கிறது. சில்வியாவின் கணவரும் எழுத்தாளர், இன்னும் பெயர் கிடைக்காதவர். அந்தத் துளிர்ப்பை ஜாவுயி சற்றும் மிகைப்படுத்தவில்லை: பார்வை கொஞ்சம் கனிகிறது, குரல் கொஞ்சம் இறங்குகிறது. படத்திலேயே மிகவும் கூச்சப்படவைக்கும் இந்த இடத்தை எழுதியவர், அதை நடிக்க வேறொரு நடிகையைத் தேடாமல் தானே ஏற்றுக்கொண்டார்.