குள்ளநரியும் குறுநரியும்: டோரா தொடரின் பாத்திரங்கள் இரு மொழிகளில்

குழந்தைகளுக்கான அசைவூட்டத் தொடர்களில் சில பாத்திரங்கள் நினைவில் நிலைப்பதற்கு அவற்றின் உருவமும் நிறமுமே காரணம் என்று பொதுவாகக் கருதப்படுகின்றது. மொழிமாற்றம் பெற்ற தொடர்களைப் பொறுத்தவரை இக்கருத்து முழுமையானதன்று. உருவம் எல்லா நாட்டினர்க்கும் ஒன்றே. பெயரும் பேச்சும் மட்டுமே மாறுகின்றன. ஒரே பாத்திரம் ஒரு மொழியில் பழமொழி போல் வழங்கி, மற்றொரு மொழியில் மறக்கப்படுமாயின் அதற்குரிய காரணத்தை மொழிக்குள்ளேயே தேடவேண்டும்.

அமெரிக்காவின் நிக்கலோடியன் தொலைக்காட்சியில் 2000ஆம் ஆண்டு ஆகஸ்டு 14 அன்று ஒளிபரப்பாகத் தொடங்கிய டோரா தொடர் இதற்கு ஏற்ற சான்றாகும். ஏழு வயதுச் சிறுமி டோரா, சிவப்புக் காலணி அணிந்த குரங்கு ஒன்றைத் துணையாகக் கொண்டு ஆறும் பாலமும் காடும் கடந்து செல்வாள். முகமூடி அணிந்த நரி ஒன்று இடையே வந்து பொருள்களைப் பறிக்கும். 2007இல் தொடங்கப்பெற்ற சுட்டி தொலைக்காட்சியின் வழி இது ‘டோராவின் பயணங்கள்’ எனத் தமிழுக்கும், 2011இல் தொடங்கப்பெற்ற கொச்சு தொலைக்காட்சியின் வழி ‘டோரயுடெ ப்ரயாணம்’ என மலையாளத்துக்கும் வந்தது. பயணம், ப்ரயாணம் இரண்டும் ஒரே வடசொல்லின் இரு வடிவங்கள். தமிழ் அதனைத் தன் ஒலிமரபுக்கு ஏற்பக் குறைத்துக்கொண்டது. மலையாளம் மெய்ம்மயக்கத்தோடு அப்படியே வைத்துக்கொண்டது. இவ்வேறுபாடு தலைப்போடு நிற்கவில்லை.

இரண்டு மொழியாக்கங்களையும் ஒருசேரக் கேட்கும் வாய்ப்புடைய பார்வையாளர் மிகச் சிலரே. இடுக்கி மாவட்டத்து மூணாற்றுத் தேயிலைத் தோட்டங்களில் வாழும் தமிழ்க் குடும்பத்துப் பிள்ளைகள் அத்தகையோர். லயத்து வீட்டில் தமிழ், கடைவீதியிலும் அலுவலகத்திலும் மலையாளம் என்பது அங்கு நெடுங்கால வழக்கு. 2015ஆம் ஆண்டுத் தோட்டப் பெண் தொழிலாளர் போராட்டம் தனக்குச் சூட்டிக்கொண்ட ‘பெம்பிளை ஒருமை’ என்னும் பெயர் எழுத்துத் தமிழும் அன்று, பொது மலையாளமும் அன்று; தோட்டத்துத் தமிழ். அத்தகைய செவிக்கு இவ்விரு டோராக்களும் எவ்வாறு ஒலிக்கும் என்பதே ஈண்டு ஆராயப்படும் வினா.

முதலில் குரங்கின் பெயர். ஆங்கில மூலத்தில் அது ‘பூட்ஸ்’, காலணியே பெயராயிற்று. தமிழில் புஜ்ஜி எனவும் மலையாளத்தில் புஜி எனவும் அது மாறியது. காலணிக்கும் பெயருக்கும் இருந்த தொடர்பு அறுந்தது என்பது உண்மை. ஆயின் மூலப் பெயரின் முதல் எழுத்தொலி காக்கப்பட்டதோடு, தெலுங்கிலும் தமிழிலும் சிறு குழந்தையை அழைக்கும் செல்லப்பெயர் ஒன்றும் அதனுள் வந்தமைந்தது. ஒலியையும் உறவையும் ஒருங்கே தரும் இத்தகைய பெயராக்கம் மொழிமாற்றத் தொழிலில் எளிதில் வாய்ப்பதன்று. மலையாளத்தில் நிலைமை சற்று வேறு. அங்கு ‘புஜி’ என்பது ‘புத்திஜீவி’ என்பதன் சுருக்கமாக, அறிவாளிகளைக் கிண்டல் செய்யும் பேச்சுச் சொல்லாக வழங்குகின்றது. குழந்தை செல்லப்பெயராகக் கேட்பதை அருகிலிருக்கும் பெரியவர் நகைச்சுவையாகக் கேட்கக்கூடும்.

இந்தியாவிலேயே உருவாகி 2008 முதல் போகோ அலைவரிசையில் வந்த சோட்டா பீம் தொடரை இதனோடு ஒப்பிட்டால் ஒரு முரண் புலப்படும். சுட்கி, காலியா, ஜக்கு ஆகிய பெயர்கள் தமிழ் ஒலிவடிவத்திலும் மாற்றமின்றி வழங்குகின்றன. சுட்கி என்பதிலுள்ள சிறுமைச் சாயலோ, காலியா என்பதிலுள்ள நிறச் சுட்டோ தமிழ்க் குழந்தைக்கு எட்டுவதில்லை. (பின்னது எட்டாதிருப்பது இழப்பும் அன்று.) கடல்கடந்து வந்த குரங்குக்குக் கிடைத்த உறவுப்பெயர் வடக்கிலிருந்து வந்த பிள்ளைகளுக்குக் கிடைக்கவில்லை.

டோரா தொடரில் மிகுதியாக நினைவுகூரப்படுவது நரியே. மூலத்தில் அதன் பெயரும் அதன் தொழிலும் ஒரே வினையடியிலிருந்து பிறந்தவை. ‘ஸ்வைப்பர்’ என்னும் பெயரைச் சொன்ன அளவிலேயே களவு சொல்லப்பட்டுவிடுகின்றது. அப்பெயரை அடுத்து அதே வினையின் மறுப்பு வரும்போது சொற்றொடர் தானே சந்தம் பெறுகின்றது. தமிழில் இதற்கு நிகராகத் ‘திருடன்’ என்று பெயரிட்டிருப்பின் பாத்திரம் கொடியதாகியிருக்கும். மொழியாக்கம் செய்தோர் விலங்கின் பெயரையே இயற்பெயராக்கி, ‘குள்ளநரி திருடக்கூடாது’ என அமைத்தனர். பெயருக்கும் வினைக்கும் இருந்த சொற்பிறப்புத் தொடர்பு போயிற்று. ஆனால் முதற்சொல்லின் குகரமும் இறுதிச் சொல்லின் கூகாரமும் மோனையாக இயைந்து அவ்விழப்பை ஈடுசெய்தன. தேடிச் செய்ததோ தானாக அமைந்ததோ, குழந்தைகள் அதனை மும்முறை சொல்லும்போது இம்மோனையே தாளமாகின்றது.

‘திருடாதே’ என்னாது ‘திருடக்கூடாது’ என்றது இதனினும் நுட்பமானது. திருடாதே என்பது முன்னிலை ஒருமை ஏவல். சொல்வோன் கேட்போனினும் உயர்ந்தவன் அல்லது சினந்தவன் என்னும் குறிப்பு அதில் உண்டு. கூடாது என்பதிலோ இடமும் பாலும் இல்லை. ‘குள்ளநரி’ என்பதும் விளியுருபு ஏலாது இயல்பாய் நிற்றலின், நரியை அழைத்துச் சொன்னதாகவும் கொள்ளலாம். நரியைப் பற்றி ஒரு விதியை உரைத்ததாகவும் கொள்ளலாம். தாய் பிள்ளையிடமும், ஆசிரியர் வகுப்பிலும் ஒழுங்கைக் கற்பிக்க எடுத்தாளும் சொல் அது. ஐந்து வயதுக் குழந்தை, தன்னை நாள்தோறும் கட்டுப்படுத்தும் சொல்லைத் தானே எடுத்து மற்றொருவரைக் கட்டுப்படுத்துகின்றது. நரியும் அடங்கிப்போகின்றது. இப்பாத்திரத்தின் கவர்ச்சி இங்குதான் உள்ளது.

மலையாளத்தில் இத்தொடர் ‘குறுநரி மோஷ்டிக்கருது’ என்பது. ‘அருது’ என்னும் விலக்குச் சொல்லும் இடமும் பாலும் காட்டாதது. ஆகவே இலக்கண அமைப்பில் இரண்டும் உடன்பிறப்புகள். சொல்நிலையில்தான் வேறுபாடு. கதைகளில் பயின்றுவரும் ‘குறுக்கன்’ இருக்கக் குறுநரியும், பேச்சிலுள்ள ‘கக்குக’ இருக்க வடசொல் அடியாகப் பிறந்த ‘மோஷ்டிக்குக’ என்பதும் தேர்ந்தெடுக்கப்பட்டன. சிறுமியின் வாயில் அறிவிப்புப் பலகையின் மொழி! கேரளத்தில் வளர்ந்தவர்களும் இதனைச் சொல்லிச் சிரிப்பதற்கு இப்பொருத்தமின்மையே காரணம் எனலாம். தமிழ்த் தொடர் வீட்டுமொழியால் நிலைத்தது. மலையாளத் தொடர் ஏட்டுமொழியால் நிலைத்தது. மூணாற்றுக் குழந்தைக்குக் குறுநரி மொழிபெயர்ப்பு வேண்டாச் சொல். மோஷ்டிக்கருது மட்டுமே பள்ளியின் சொல்.

விலக்குத் தொடரில் எழாத ஒரு சிக்கல் வினைமுற்றில் எழுகின்றது. மலையாள வினைமுற்று திணை பால் எண் இடங்களைக் காட்டும் ஈறுகளை இழந்துவிட்டது. டோரா வந்நு, புஜி வந்நு, குறுநரி வந்நு: எல்லாம் ஒரே வடிவம். தமிழில் டோரா வந்தாள் என்றபின், புஜ்ஜி வந்தானா வந்ததா என்று ஒவ்வொரு முறையும் முடிவுசெய்தாக வேண்டும். பேசும் விலங்குகளைக் கொண்ட தொடரைத் தமிழாக்குவோர்க்கு இதிலிருந்து தப்ப வழியில்லை. இலக்கணிகள் விரவுப்பெயர் எனச் சுட்டிய வகையில் புஜ்ஜி அடங்கும். குழந்தைக்கும் கன்றுக்குட்டிக்கும் நாய்க்குட்டிக்கும் அது பொதுவாதலின் வினையே திணையை உணர்த்தும். உவப்பு, உயர்வு, சிறப்பு, சினம், இழிப்பு ஆகியவற்றால் திணையும் பாலும் மயங்குதல் வழுவன்று என்று நன்னூலார் அமைதி கூறியுள்ளார். டோராவின் பேசும் முதுகுப்பையும் வரைபடமும் வேறு வகை: பேசாதன பேசுவனபோலவும் கேளாதன கேட்பனபோலவும் கூறப்படுதலை அவரே தனியே ஏற்றுக்கொண்டுள்ளார். கட்டளைகள் இவ்வளவு தெளிவாக இருப்பினும், மொழிமாற்ற உரையாடல்களில் ஒரே விலங்கு ஒரு காட்சியில் உயர்திணையும் மறு காட்சியில் அஃறிணையும் கொள்ளுமாயின் குழந்தை அதனை வழுவமைதியாகக் கொள்ளாது. பாத்திரம் மாறிவிட்டதாகவே கொள்ளும். தமிழாக்கத்தில் பாத்திரப் படைப்பின் பாதி வினையீற்றில்தான் நிகழ்கின்றது.

பன்மைத் தன்மையில் இதற்கு மாறான நிலை. தமிழில் ‘-ஓம்’ ஈறு ஒன்றே போதும். ஆயின் பார்க்கும் குழந்தையும் அதில் அடங்குமா என்பதை அவ்வீறு சொல்லாது. நாம், நாங்கள் என்று வெளிப்படச் சொன்னால்தான் தெளிவு பிறக்கும். ஈறற்ற மலையாளமோ ‘நம்மள்’ அல்லது ‘ஞங்ஙள்’ என்று சொல்லத் தூண்டப்படுகின்றது. பார்வையாளரை நோக்கிக் கேள்வி கேட்டு விடைக்குக் காத்திருக்கும் தொடர் இது. வெற்றியில் குழந்தைக்குப் பங்குண்டு என்பதை ‘நாம்’ என்னும் ஒரு சொல் உறுதிசெய்யும். தமிழாக்குவோர் வினையீற்றின் செட்டில் நிறைவடைந்து இதனைத் தவிர்த்தல் தகாது.

மொழியாக்கத்தின் பெருங்குறை டோராவிடமே உள்ளது. மூலத்தில் அவள் ஊரார் ஆங்கிலத்தோடு தன் வீட்டு மொழியான ஸ்பானியத்தைக் கலந்து பேசி, அதனைப் பிறர்க்குக் கற்பிக்கும் சிறுபான்மைச் சிறுமி. தமிழிலும் மலையாளத்திலும் ஸ்பானியத்தின் இடத்தில் ஆங்கிலம் அமர்ந்தது. ஸ்பெயின் நாட்டு வடிவத்திலும் இதுவே நேர்ந்தது என்பதால் இதனை இந்திய வழக்கம் என ஒதுக்க முடியாது. விளைவு யாதெனில், வீட்டு மொழியை வெளியே எடுத்துச் சென்றவள் வெளியின் மொழியை வீட்டுக்குள் கொணர்பவளாகின்றாள். பெயரும் உடையும் மாறவில்லை, பாத்திரம் தலைகீழாயிற்று. டோராவின் உண்மையான மொழிநிலைக்கு மிக நெருங்கியவர்கள் லயத்தில் தமிழும் கடைவீதியில் மலையாளமும் பேசும் பிள்ளைகளே. தமிழையும் மலையாளத்தையும் இணைத்த டோரா அவர்களுக்குக் கிடைக்கவில்லை. அத்தகைய ஒன்றை உருவாக்கும் அளவு சந்தையும் அங்கில்லை.

எனினும் இரண்டு ஒலிவடிவங்களும் உள்ளன. தேவிகுளம் வட்டத்துத் தமிழ்வழிப் பள்ளி ஒன்றில் ஒரே காட்சியை இரு மொழிகளிலும் ஓடவிட்டு, வினைமுற்றுகளை இரு பத்திகளாக எழுதச் செய்யலாம். மலையாளப் பத்தியில் ‘வந்நு’ என்பதே மீண்டும் மீண்டும் வரும். தமிழ்ப் பத்தியில் வந்தாள், வந்தான், வந்தது எனப் பிரியும். புஜ்ஜிக்கு நேரே எதை எழுதுவது என்பதில்தான் வகுப்பு இரண்டுபடும்.