ஐந்து பத்திகள்

ஆபீஸில் என் வேலையில் பாதி கோட் ரிவ்யூதான். அடுத்தவர் எழுதியதில் பத்து வரியைத் தூக்கிவிட்டு, ‘இப்ப சுத்தமா இருக்கு’ என்று எழுதும்போது ஒரு அற்ப சந்தோஷம் வரும். அதைச் சந்தேகிக்க வைத்தவர் ஹேரியட் மன்றோ.

1912இல் சிகாகோவில் ‘பொயட்ரி’ இதழைத் தொடங்கியவர். சுமார் நூறு பேரிடம் ஆளுக்கு வருடம் 50 டாலர், ஐந்து வருடத்துக்கு என்று உறுதி வாங்கினார். கவிஞர்களுக்குச் சன்மானமும் கொடுத்தார். அன்று அது சின்ன விஷயமில்லை.

1915இல் வாலஸ் ஸ்டீவன்ஸ் ‘சண்டே மார்னிங்’ கவிதையை அனுப்பினார். எட்டுப் பத்திகளில் ஐந்தை மட்டும் மன்றோ எடுத்துக்கொண்டார். ஸ்டீவன்ஸ் சண்டை போடவில்லை. அந்த ஐந்துக்கும் ஒரு புது வரிசையை அவரே சொன்னார்.

நஷ்டம் அந்த வரிசையில்தான் இருக்கிறது. இதழில் கவிதை சூரியனைத் துதித்து ஆடும் ஆண்களோடு முடிகிறது. புது மதத்தின் பிரகடனம் மாதிரி. முழுக் கவிதையில் அதற்குப் பின்னும் ஒரு பத்தி உண்டு. அதில் அந்தி நேரப் புறாக்கள் இருளுக்குள் இறங்குகின்றன. பிரகடனம் அடங்கி, நிச்சயமின்மை மிஞ்சுகிறது. கவிதையின் உயிரே அதுதான் என்பேன்.

1923இல் ‘ஹார்மோனியம்’ தொகுப்பில் எட்டுப் பத்திகளையும் ஸ்டீவன்ஸ் சேர்த்துவிட்டார். அப்படியென்றால் 1915இல் அவர் தந்ததைச் சம்மதம் என்று சொல்லலாமா? அச்சில் வரவேண்டுமே என்று விட்டுக்கொடுத்ததாகத்தான் எனக்குப் படுகிறது.

இப்போதெல்லாம் ஜூனியர் யாராவது ‘சரிங்க, மாத்திடறேன்’ என்று உடனே சொன்னால், ‘முதல்ல ஏன் அப்படி எழுதினீங்க?’ என்று கேட்கிறேன்.