சொல்லுக்குப் பணிந்த குரல்

நடிகர் ஒருவரின் பெருமையை அவர் ஏற்ற வேடங்களாலும் பெற்ற கைதட்டல்களாலும் அளப்பது உலக வழக்கு. அந்த அளவுகோலால் பார்த்தால் புளோரன்ஸ் ஃபார் (1860-1917) என்னும் ஆங்கில மேடை நடிகையின் கலைவாழ்வு குறைப்பட்டதாகவே தோன்றும். அக்கணிப்பு முறையானதா என்பதே நம் கேள்வி.

1891-இல் இப்சனின் 'ராஸ்மர்ஸ்ஹோம்' இலண்டனில் முதன்முறையாக ஆங்கிலத்தில் அரங்கேறியபோது, ரெபேக்காவாக நடித்தவர் இவரே. 1894-இல் அவென்யூ அரங்கில் தாமே பொறுப்பேற்று நாடகங்களை நடத்தினார். பெர்னார்ட் ஷாவின் 'ஆர்ம்ஸ் அண்ட் த மேன்' அங்கே மேடையேறியது. தலைமைப் பாத்திரத்தில் அல்மா மரே நடிக்க, அரங்கை நடத்திய இவரோ பணிப்பெண் லூகாவின் வேடத்தை ஏற்றார். தம்மை முன்னிறுத்தாத இப்பண்பே அவரது கலையின் திறவுகோல் என்போம்.

ஷா இவரிடம் விடாமுயற்சி போதவில்லை எனக் குறைபட்டார். அதில் உண்மை இல்லாமல் இல்லை. பலவற்றைத் தொட்டார், சிலவற்றிலேயே நிலைத்தார். ஆனால் கவிஞர் யேட்ஸ் போற்றியது இவரது குரலை. 1899-இல் டப்ளினில் யேட்ஸின் 'கதலீன் கோமகள்' நாடகத்தில் இவர் கவிஞன் அலீலாக நடித்தார். பசித்த மக்களைக் காக்கத் தன் ஆன்மாவையே விற்கும் பெண்ணின் கதை அது. கத்தோலிக்கர் பலர் கொதித்தெழுந்தனர். கர்தினால் லோக் நாடகத்தைப் படிக்காமலேயே கண்டித்தார். பிறருக்காகத் தன்னை இழப்பவரை இறைவன் எவ்வாறு தீர்ப்பிடுவார் என்ற அதன் ஆழ்ந்த வினா அந்த ஆரவாரத்தில் அமுங்கிப்போனது வருந்தத்தக்கது.

1901-இல் டோல்மெட்ச் செய்தளித்த சால்ட்டரி என்னும் நரம்பிசைக் கருவியை மீட்டியவாறு, பாட்டுமல்லாத, வெறும் பேச்சுமல்லாத முறையில் இவர் கவிதைகளை மொழிந்தார். ஷாவுக்கு அது பிடிக்கவில்லை. திருப்பலியில் தொடக்கவுரை இசைக்கப்படுவதைக் கேட்டுப் பழகிய நமக்கோ அதன் நோக்கம் எளிதில் விளங்கும்: இசை சொல்லை விழுங்கலாகாது, சொல்லைத் தாங்க வேண்டும்.

1912-இல் இலங்கைக்குச் சென்ற இவர், பொன்னம்பலம் இராமநாதன் யாழ்ப்பாணத்தில் நிறுவிய மகளிர் கல்லூரிக்கு அதிபரானார். மேடையைவிட்டு ஓடினார் என்பர் சிலர். தம்மை மறைத்து மற்றொன்றை ஒலிக்கச் செய்தவர், வகுப்பறையிலும் அதையே தொடர்ந்தார் என்பது நம் கருத்து. 1917 ஏப்ரலில் கொழும்பில் புற்றுநோயால் மறைந்தார். இறந்தோரை நினைக்கும் ஆன்மாக்கள் திருநாள் இரவைப் பாடிய கவிதையில் யேட்ஸ் இவரையும் அழைத்து நினைவுகூர்ந்தார்.

அரங்கின் விளக்கு அணைந்ததும் நடிகரின் கலையும் அணைகிறது. எனினும், சொல்லுக்குப் பணிந்த குரல் வீணாவதில்லை. மறையுரை மேடையில் நிற்போரும் வாசகம் வாசிக்க எழுவோரும் இந்நடிகையிடம் கற்க வேண்டியது இதுவே.